ஆகாசவாணி மெட்டும் வால்டர் காஃப்மனின் பம்பாய் வருஷங்களும்

உங்கள் தாத்தா சொன்னது சரிதான். ஆகாசவாணி காலையில் நிலையம் திறக்கும்போது தம்புரா சுருதிக்கு மேல் வயலினில் எழுகிற அந்தச் சின்ன மெட்டு, வால்டர் காஃப்மன் என்ற யூத இசைக்கலைஞர் அமைத்தது. பொஹீமியாவில் பிறந்தவர். 1934இல் பம்பாய்க்கு வந்து பன்னிரண்டு வருஷம் இங்கேயே இருந்தவர். அவர் யார், எப்படி வந்தார், பிறகு எங்கே போனார், அவருடைய மற்ற இசையை இப்போது கேட்க முடியுமா என்றெல்லாம் கேட்டிருக்கிறீர்கள். இவற்றுக்குப் பதில் சொல்வது சுலபம். ‘நம்ம சங்கீதம் அவருக்கு நிஜமாவே தெரியுமா, இல்லை காதில் விழுந்ததை வைத்து ஒப்பேற்றினாரா’ என்றும் கேட்டீர்களே, அதற்குத்தான் நிதானமாகப் பதில் சொல்ல வேண்டும். பம்பாயில் தமிழர்கள் நிறைய வாழும் மாதுங்காவில் பிள்ளைகளுக்கு வயலின் சொல்லிக்கொடுக்கிறவன் என்பதால் அந்தக் கேள்வியில் எனக்கும் சொந்த அக்கறை உண்டு.

முதலில் மெட்டைப் பார்த்துவிடுவோம். மெட்டின் சாயல் சிவரஞ்சனி ராகம். மோகன ராகத்தின் ஐந்து ஸ்வரங்களில் அந்தர காந்தாரத்தை (உயர்ந்த ‘க’) எடுத்துவிட்டு சாதாரண காந்தாரத்தை (அதற்குக் கீழே உள்ள ‘க’) வையுங்கள்: ஸ, ரி, க, ப, த. ஒரே ஒரு ஸ்வரம் இறங்கியதில் மோகனத்தின் மலர்ச்சி போய், தொண்டையில் ஏதோ அடைத்த மாதிரி ஒரு தழுதழுப்பு வந்துவிடும். எம்.எஸ். பாடிப் பிரபலமான ‘குறை ஒன்றும் இல்லை’யின் முதல் பகுதி சிவரஞ்சனிதான். அதைப் பாடிப் பார்த்துவிட்டு ரேடியோ மெட்டைக் கேட்டால் உறவு தெரியும். இந்துஸ்தானிக்காரர்கள் சிவரஞ்சனியைப் பொதுவாக இரவு ராகமாக வைத்திருக்கிறார்கள். ஆனால் இந்த மெட்டின் புண்ணியத்தில் இந்தியாவில் பல கோடிப் பேருக்கு அது பல் தேய்க்கிற நேரத்து ராகமாகிவிட்டது. இதே காஃப்மன் பின்னாளில் வட இந்திய ராகங்களின் கால நியமம் பற்றி 1965இல் ஓர் ஆராய்ச்சிக் கட்டுரையே எழுதினார் என்பது இதில் ஒரு வேடிக்கை.

மெட்டு 1936இல் அமைந்தது. அந்த வருஷம் ஜூன் 8ஆம் தேதிதான் அரசாங்க ஒலிபரப்புக்கு ‘ஆல் இந்தியா ரேடியோ’ என்று பெயர் வைத்தார்கள். வயலின் வாசித்தவர் மெஹ்லி மேத்தா என்பார்கள். மெட்டமைத்தவராக வேறு ஓரிரு பெயர்களும் அவ்வப்போது அடிபடும். அவற்றில் ஒன்று டில்லி நிலையத்தில் இருந்த ஆங்கில இசையமைப்பாளர் ஜான் ஃபோல்ட்ஸ். காஃப்மனின் மற்ற இசையைக் கேட்ட பிறகு எனக்கு அந்தச் சந்தேகம் வரவில்லை. மெட்டு போகிற விதத்திலேயே அவர் கை தெரிகிறது.

இனி ஆள். 1907 ஏப்ரல் 1, கார்ல்ஸ்பாட் நகரம். வெந்நீர் ஊற்றுகளுக்காக ஐரோப்பியப் பணக்காரர்கள் உடம்பைத் தேற்றிக்கொள்ள வந்து தங்கும் ஊர். அப்போது ஆஸ்திரிய-ஹங்கேரிய சாம்ராஜ்யம், பிறகு செக்கோஸ்லோவாகியா, இன்று செக் குடியரசில் கார்லோவி வாரி. பெர்லினில் ஃபிரான்ஸ் ஷ்ரேக்கரிடம் இசையமைப்பு படித்தார். கூடவே கர்ட் ஸாக்ஸிடம் இசையியல். இந்த ஸாக்ஸ் சாதாரண ஆசிரியர் இல்லை. உலக வாத்தியங்களை வகைபிரிக்க இன்றைக்கும் பயன்படும் முறையை உருவாக்கிய இருவரில் ஒருவர், இந்திய வாத்தியங்களைப் பற்றி 1915லேயே தனி நூல் எழுதியவர். ஆக, வீணை என்றும் தவில் என்றும் உலகத்தில் சில இருக்கின்றன என்பது இளைஞன் காஃப்மனுக்கு வகுப்பறையிலேயே தெரிந்திருக்கும். காதால் தெரிவது வேறு விஷயம், அதற்குப் பிறகு வருகிறேன்.

பெர்லினில் ஓபரா, அதாவது பாட்டாகவே நடக்கிற நாடகம், போடும் அரங்கில் இசைக்குழு நடத்துநர் புரூனோ வால்டருக்கு உதவியாளராக வேலை, கோடையில் சொந்த ஊர்ப் பக்கம் இசைக்குழு நடத்துவது என்று நன்றாகவே போய்க்கொண்டிருந்தது. பிராகில் இருந்த ஜெர்மன் பல்கலைக்கழகத்தில் இசையமைப்பாளர் மாலரின் சிம்பொனிகளைப் பற்றி டாக்டர் பட்ட ஆய்வேடும் எழுதி முடித்துவிட்டார். ஆனால் மேற்பார்வை செய்த பேராசிரியர் குஸ்தாவ் பெக்கிங் உள்ளூர் நாஜி இளைஞர் குழுவுக்குத் தலைவர் என்று தெரிந்ததும் அந்தப் பட்டமே வேண்டாம் என்று சொல்லிவிட்டார். இருபத்தைந்து, இருபத்தாறு வயதில், கைக்கு வந்ததை வேண்டாமென்று ஒதுக்குவது லேசான காரியமா? பின்னாளில் அமெரிக்காவில் பெரிய பல்கலைக்கழகத்தில் பேராசிரியராக இருந்தவர் என்பதை நினைத்துக்கொண்டு இதைப் படியுங்கள்.

1933இல் ஹிட்லர் ஆட்சிக்கு வந்தார். யூதக் கலைஞர்களுக்கு ஜெர்மன் மேடைகள் ஒவ்வொன்றாக மூடின. காஃப்மன் தேர்ந்தெடுத்தது இந்தியாவை. ஏன் என்று கேட்டவர்களுக்கு அவர் ஆன்மிகம், கீழை ஞானம் என்றெல்லாம் கதை சொல்லவில்லை. விசா சுலபமாகக் கிடைத்தது, அவ்வளவுதான். எனக்கு அவரைப் பிடித்துப்போனதற்கு இந்தப் பதிலும் ஒரு காரணம். கும்பகோணத்திலிருந்தும் பாலக்காட்டிலிருந்தும் டைப்ரைட்டிங், ஷார்ட்ஹேண்ட் பாஸ் பண்ணிவிட்டு மாதுங்காவில் வந்து இறங்கிய நம் ஆட்களைக் கேட்டிருந்தாலும் இப்படித்தான் சொல்லியிருப்பார்கள்: வேலை கிடைத்தது, வந்தோம். அதே 1930களில் அதே ஊரில்தான் இரண்டும் நடந்தது.

பம்பாயில் அவருக்கு ஒரு பிடிமானம் இருந்தது. ஜெர்மனி போய்வந்த சினிமாக்காரர் மோகன் பவ்நானி. அன்றைய பம்பாய் சினிமாவுக்கும் ஜெர்மனிக்கும் நெருக்கமான போக்குவரத்து உண்டு. 1934இல் தொடங்கிய பாம்பே டாக்கீஸில் டைரக்டர் ஃபிரான்ஸ் ஆஸ்டன், கேமராமேன் ஜோசஃப் விர்ஷிங் எல்லாம் ஜெர்மானியர்கள். காஃப்மன் பவ்நானியின் படங்களுக்குப் பின்னணி இசை அமைத்தார். ஐரோப்பாவில் சிம்பொனி நடத்தியவர் இங்கே வந்து சினிமாவுக்கு வாசிக்க வேண்டியதாயிற்றே என்று சிலர் உச்சுக்கொட்டுவதைக் கேட்டிருக்கிறேன். அந்த அனுதாபம் தேவையில்லை. சினிமா வேலையில்தான் அவர் இந்தியப் பாடகர்களோடும் வாத்தியக்காரர்களோடும் ஒரே அறையில் உட்கார வேண்டி வந்தது.

குடியிருந்தது வார்டன் ரோடு ஓரம், மகாலட்சுமி கோயிலுக்குப் பக்கத்தில். இப்போது பூலாபாய் தேசாய் ரோடு என்று போர்டு இருக்கிறது. வந்து சில மாதங்களிலேயே பாம்பே சேம்பர் மியூசிக் சொசைட்டியை ஆரம்பித்தார். சேம்பர் மியூசிக் என்றால் சில பேர் மட்டும் சேர்ந்து வாசிக்கிற அறை இசை. அவர் பியானோ, மெஹ்லி மேத்தா வயலின், எடிஜியோ வெர்கா என்ற இத்தாலியர் செல்லோ. வியாழக்கிழமைதோறும் வில்லிங்டன் ஜிம்கானாவில் கச்சேரி. 1937 மே மாதத்துக்குள் 136 கச்சேரி முடித்திருந்தார்கள். மூன்று வருஷத்தில் நூற்று முப்பத்தாறு! நான்கு பேர் சேர்ந்து வாரம் ஒரு முறை ஒத்திகைக்கு வருவதே கஷ்டம் என்று கச்சேரிக்காரர்களுக்குத் தெரியும். இது வாரம் ஒரு முறை மேடை. கேட்க வந்தவர்கள் பெரும்பாலும் பார்சிகள், ஐரோப்பியர்கள், மேற்கத்திய இசையில் பழகிய கொஞ்சம் இந்தியர்கள்.

மெஹ்லி மேத்தாவைப் பற்றி இரண்டு வார்த்தை. பம்பாய் பார்சி, காஃப்மனை விட ஒரு வயது இளையவர், 1935இல் பாம்பே சிம்பொனி ஆர்க்கெஸ்ட்ராவைத் தொடங்கியவர். அடுத்த வருஷம் அவருக்குப் பிறந்த பையன்தான் பிறகு உலகப் புகழ்பெற்ற இசைக்குழு நடத்துநரான ஜூபின் மேத்தா. ஜூபின் 1954இல் வியன்னாவுக்குப் படிக்கப் போனபோது ஒன்றும் தெரியாமல் போகவில்லை. குவார்டெட்டும் (நான்கு வாத்திய இசை) சிம்பொனியும் ஓயாமல் கேட்கிற வீட்டிலிருந்து போனார். அந்த வீட்டுக் கூடத்து இசையில் காஃப்மன் போன்ற அகதிகளின் பங்கும் உண்டு. அந்தக் காலத்து பம்பாய் ஆர்க்கெஸ்ட்ரா என்றால் பார்சிகள், கோவாக்காரர்கள், ஐரோப்பியர்கள் சேர்ந்தது. கோவாக்காரர்கள் பிறகு இந்தி சினிமாவின் இசைக்குழுக்களில் முதுகெலும்பானார்கள். ஆனால் அது தனிக் கதை.

இப்போது காது விஷயம். இந்திய சங்கீதத்தை முதன்முதலாகக் கேட்டபோது காஃப்மனுக்கு ஒன்றும் பிடிபடவில்லை. அந்நியமாக, தலையும் காலும் தெரியாமல் இருந்ததாக அவரே எழுதியிருக்கிறார். அதற்கு அடுத்து எழுதியதுதான் முக்கியம். இந்த இசையை உருவாக்கியவர்களுக்கும் இதயம் உண்டு, அறிவு உண்டு. கோடிக்கணக்கானவர்கள் இதை நேசிக்கிறார்கள். அப்படியானால் குறை முழுக்க என்னிடம்தான், அது பிறந்த இடத்திலேயே போய்ப் படிப்பதுதான் வழி. இந்தக் கருத்தில் எழுதியிருந்தார். அன்றைக்கு இங்கே இருந்த ஐரோப்பியர்கள் பலரும் நம் பாட்டை ஓலம் என்று சொல்லி ஒதுக்கிக்கொண்டிருந்த காலம். எதிர்ப்பக்கத்தையும் சொல்லிவிடுகிறேன். ஒரு மொசார்ட் குவார்டெட்டைப் போட்டால், ‘கமகமே (ஸ்வரத்தை அசைத்து வளைப்பது) இல்லையே, வெறும் கட்டையா இருக்கே’ என்று சொல்லிவிட்டு எழுந்து போகிற ரசிகர்கள் நம் சபாக்களிலும் உண்டு. காஃப்மன் அப்போது எடுத்த முடிவு நம்மிலும் பலர் எடுக்காதது.

ஆனால் முடிவு எடுத்தால் மட்டும் காது திறந்துவிடாதே. அவருக்குக் காதைத் திறந்துவிட்டது ரேடியோ உத்தியோகம். 1930களின் நடுவிலிருந்து 1946 வரை பம்பாய் நிலையத்தில் ஐரோப்பிய இசைப் பகுதிக்கு அவர்தான் பொறுப்பு. அன்றைய ரேடியோ எப்படி நடந்தது என்பதை நினைத்துப் பாருங்கள். டேப் கிடையாது. இசைத்தட்டில் இருப்பதைத் தவிர எல்லாமே நேரடி ஒலிபரப்பு. பாடகர் ஸ்டுடியோவுக்கு வந்து உட்கார்ந்து பாடினால்தான் வீட்டில் கேட்கும். ஒரு ஸ்டுடியோவில் இவருடைய மூவர் குழு என்றால் அடுத்த ஸ்டுடியோவில் இந்துஸ்தானி கயாலும் மராத்தி அபங்கமும். காசு கொடுத்து டிக்கெட் வாங்கிப் போய்க் கேட்கிற சங்கீதத்தைப் பிடிக்கவில்லை என்றால் பாதியில் எழுந்து வந்துவிடலாம். வேலை பார்க்கும் இடத்தில் தினம் ஒலிக்கிற சங்கீதத்திலிருந்து தப்பிக்க வழியில்லை. வருஷக்கணக்கில், ஆபீஸ் நேரத்தில், அப்படி ஊறியதுதான் அவருடைய இந்திய சங்கீதம். பிழைப்பு கற்றுக்கொடுத்த வித்தை என்று சொன்னால் மரியாதைக் குறைவாக எடுத்துக்கொள்ள மாட்டீர்கள் என்று நம்புகிறேன். நாகஸ்வர வித்வான்கள் கோயில் உத்தியோகத்தில் கற்ற வித்தையும் அதுதானே.

உத்தியோகத்தோடு அவர் நிற்கவில்லை என்பதையும் சொல்ல வேண்டும். மத்திய இந்தியாவின் கோண்டு, பைகா பழங்குடிகளின் பாட்டுகளைச் சேகரித்து ஆராய்ந்து 1941இல் அமெரிக்க ஆய்விதழ் ஒன்றில் கட்டுரை வெளியிட்டார். சாஸ்திரிய சங்கீதத்தில் ஆர்வம் காட்டிய வெளிநாட்டவர் அப்போதும் சிலர் இருந்தார்கள். காட்டுக்குள் பாடுகிறவர்களையும் அதே தீவிரத்தோடு கேட்கப் போனவர்கள் குறைவு. நம் வித்வான்களிலும் குறைவுதான்.

1939 அக்டோபரில், ஐரோப்பாவில் யுத்தம் மூண்டு ஒரு மாதத்தில், ‘அனசூயா’ என்ற அவருடைய ஓபரா பம்பாய் நிலையத்திலிருந்து ஒலிபரப்பானது. இந்தியாவில் ரேடியோவுக்கென்றே எழுதப்பட்ட முதல் ஓபரா அது. மேடை இல்லை, திரை இல்லை, அத்தனையும் மைக் முன்னால்.

அந்த வருஷங்களில் அவர் வீட்டில் என்ன நடந்துகொண்டிருந்தது என்பதையும் இங்கேயே சொல்லிவிட வேண்டும். அவருடைய அப்போதைய மனைவி கெர்ட்டி, எழுத்தாளர் ஃபிரான்ஸ் காஃப்காவின் தங்கை எல்லியின் மகள். காஃப்கா 1924லேயே போய்ச் சேர்ந்துவிட்டார். அவருடைய தங்கைகள் மூவரும், எல்லி உட்பட, நாஜிகளால் கொல்லப்பட்டார்கள். பிராகின் இலக்கிய வட்டத்தைச் சேர்ந்த வில்லி ஹாஸும் 1939இல் தப்பித்து பம்பாய்க்கு வந்து அதே பவ்நானிக்குத் திரைக்கதை எழுதினார். காஃப்கா தன் காதலி மிலேனாவுக்கு எழுதிய கடிதங்களைப் பின்னாளில் பதிப்பித்தவர் இவர்தான். வியன்னாவிலிருந்து வந்த ஓவியர் வால்டர் லாங்ஹாமர், பத்திரிகையில் கலை விமர்சனம் எழுதிய ருடால்ஃப் ஃபான் லைடன், ஓவியங்களை வாங்கி ஆதரித்த இமானுவேல் ஷ்லெசிங்கர் ஆகியோர்தான் பம்பாயின் இளம் ஓவியர்களுக்குத் தோள்கொடுத்தவர்கள். ஹிட்லர் துரத்தியவர்களால் இந்த ஊர் எவ்வளவு லாபமடைந்தது என்று யாரும் கணக்கெடுத்ததாகத் தெரியவில்லை.

டில்லியில் இருந்த ஜான் ஃபோல்ட்ஸின் கதையை இதோடு ஒப்பிட்டால் காஃப்மனின் அதிர்ஷ்டம் புரியும். ஃபோல்ட்ஸ் லண்டனில் ஆல்பர்ட் ஹாலை நிறைத்தவர். முதல் உலகப் போரில் இறந்தவர்களுக்காக அவர் எழுதிய பெரிய நினைவாஞ்சலியை 1923 முதல் சில வருஷம் அங்கே நிகழ்த்தினார்கள். அவருடைய மனைவி மாட் மெக்கார்த்தி வயலின் கலைஞர், அன்னி பெசன்ட்டோடு இந்தியாவுக்கு வந்து தென்னாட்டுச் சங்கீதத்தை நேரில் கேட்டுக் குறித்துக்கொண்டவர். ஃபோல்ட்ஸ் டில்லி நிலையத்தில் இந்திய வாத்தியக்காரர்களை வைத்தே ஒரு இசைக்குழு அமைத்தார். அவர்களுக்கு ஸ்வரக்குறிப்பு பார்த்து வாசிக்கக் கற்றுக்கொடுத்தார். ஹார்மோனியம் நம் சுருதிக்கு ஒவ்வாது என்று ஆகாசவாணி இதழில் கிண்டலாக எழுதியவரும் அவர்தான். 1940இல் ஆகாசவாணி ஹார்மோனியத்தை விலக்கி வைத்தது. அதைப் பார்க்க அவர் இல்லை. கல்கத்தாவுக்கு மாற்றலாகிப் போன வேகத்தில், 1939 ஏப்ரலில், காலராவில் இறந்துபோனார். இரண்டு பேரும் ஒரே நிர்வாகத்தில் ஒரே சமயத்தில் வேலை பார்த்தவர்கள். ஒருவருக்கு இந்தியாவில் கிடைத்தது நான்கு வருஷம், இன்னொருவருக்குப் பன்னிரண்டு.

பன்னிரண்டு வருஷத்தில் காஃப்மன் எழுதிய இசையைக் கேட்டால் இன்னொன்று புரியும். ராகத்தை மேற்கத்திய இசையோடு சேர்க்கிற முயற்சிகளில் வழக்கமாக நேர்கிற விபத்து ஒன்று உண்டு. நம் இசையில் ஸட்ஜம், அதாவது ‘ஸ’, அசையாது. மற்ற ஸ்வரங்கள் எல்லாம் அதைப் பார்த்துத்தான் தம் குணத்தைக் காட்டும். மேற்கத்திய ஹார்மனியில் ஆதாரமே நகர்ந்துகொண்டிருக்கும். மெட்டின் கீழ் பல ஸ்வரங்கள் ஒன்றாக ஒலிக்கும் கார்டுகளை அடுக்கினால், மேலே சிவரஞ்சனி ஸ்வரங்கள் அப்படியே இருந்தாலும் காந்தாரம் ஒரு இடத்தில் காந்தாரமாகவும் அடுத்த நொடியில் வேறு எதுவாகவோவும் கேட்கும். ராகம் செத்துவிடும். ரேடியோ மெட்டில் காஃப்மன் அந்தத் தப்பைச் செய்யவில்லை. தம்புராவை வைத்தார், அதன் மேல் வயலினை வைத்தார், விலகிக்கொண்டார். ஐரோப்பாவில் படித்த ஒருவர் தான் படித்ததைக் காட்டிக்கொள்ளாமல் இருப்பது எவ்வளவு கடினம் என்பது இன்றைய ‘ஃப்யூஷன்’ கச்சேரிகளைக் கேட்டால் தெரியும். தன் குவார்டெட்டுகளிலும், ஓரிரு வாத்தியங்களுக்கு எழுதும் சொனாட்டாக்களிலும் அவர் வேறு மாதிரி நடந்துகொண்டார். அங்கே ராகம் என்று எதையும் அவர் உரிமை கொண்டாடுவதில்லை. சுருதி போல நீளும் ஒரு கீழ்ஸ்வரம், ஐந்து ஸ்வர வளைவு ஒன்று, ஜதி போல விழும் தாளக்கட்டு என்று மேற்கத்திய இலக்கணத்துக்குள்ளேயே கொண்டுவந்தார்.

1946இல் பம்பாயை விட்டுக் கிளம்பினார். லண்டனில் கொஞ்ச நாள், அங்கே பி.பி.சி.க்காக இசை நடத்தினார். 1947இல் கனடாவின் ஹாலிஃபாக்ஸில் பியானோ சொல்லிக்கொடுத்தார். 1948இல், புதிதாகத் தொடங்கிய வின்னிபெக் சிம்பொனி ஆர்க்கெஸ்ட்ராவின் முதல் நடத்துநர் ஆனார். குளிர்காலத்தில் மைனஸ் முப்பதுக்குப் போகிற ஊர். வார்டன் ரோட்டுக் கடற்காற்றிலிருந்து அங்கே போய் ஏறக்குறைய பத்து வருஷம் இருந்து அந்த ஆர்க்கெஸ்ட்ராவை நிலைநிறுத்தினார். அந்த ஊர் பியானோ கலைஞர் ஃப்ரீடா ட்ரெப்பலை மறுமணம் செய்துகொண்டார். 1948இலேயே அவர் எழுதிய ஆர்க்கெஸ்ட்ரா இசை ஒன்றுக்குப் பெயர் ‘மெட்ராஸ் எக்ஸ்பிரஸ்’. பனியில் உட்கார்ந்துகொண்டு ரயிலுக்கு அந்தப் பெயரை வைத்திருக்கிறார் என்று படித்தபோது, தாதரில் ரயில் ஏறி ஊருக்குப் போய்ப் பழகிய எனக்குச் சிரிப்பும் வந்தது, வேறு ஏதோவும் வந்தது.

1957இல் அமெரிக்காவின் இந்தியானா பல்கலைக்கழகம், ப்ளூமிங்டன். ஓய்வுபெறும் வரை இருபது வருஷம் இசையியல் பேராசிரியர். ஓபராவும் எழுதிக்கொண்டிருந்தார். ஆனால் அங்கே அவருக்குப் பெயர் வாங்கித் தந்தவை புத்தகங்கள். ஆசிய நாடுகளின் ஸ்வரக்குறிப்பு முறைகளைப் பற்றி 1967இல், வட இந்திய ராகங்கள் பற்றி 1968இல், திபெத்திய பௌத்த ஓதல் பற்றி 1975இல், தென்னிந்திய ராகங்கள் பற்றி 1976இல். 1984 செப்டம்பரில் ப்ளூமிங்டனிலேயே காலமானார்.

உங்கள் முக்கியக் கேள்விக்கு இந்தக் கடைசிப் புத்தகம்தான் அளவுகோல். எழுபத்திரண்டு மேளகர்த்தாக்களையும் (தாய் ராகங்கள்) அவற்றிலிருந்து பிறந்த ஜன்ய ராகங்களையும் வரிசைப்படுத்தி, ஏறுவரிசை இறங்குவரிசைகளை மேற்கத்திய ஸ்வரக்கோட்டில் எழுதிவைத்த பிரம்மாண்டமான அட்டவணை. உழைப்பைப் பார்த்தால் கையெடுத்துக் கும்பிடலாம். ஆனால் ஆரபியையும் தேவகாந்தாரியையும் எடுத்துக்கொள்ளுங்கள். இரண்டுக்கும் ஏறுவதும் இறங்குவதும் ஒன்றே: ஸ ரி ம ப த ஸ, ஸ நி த ப ம க ரி ஸ. அட்டவணையில் அடுத்தடுத்து எழுதினால் வித்தியாசம் தெரியாது. பாடினால் குழந்தைக்குக்கூடத் தெரியும். ஆரபி நிமிர்ந்து விறைப்பாக நடக்கும், தேவகாந்தாரி ஒவ்வொரு ஸ்வரத்திலும் அசைந்து அசைந்து, நேரம் எடுத்துக்கொண்டு வரும். ராகத்தைக் காட்டிக்கொடுப்பது கமகமும் பிரயோகமும் எங்கே நிற்பது என்கிற தீர்மானமும்தான். காஃப்மனுக்கு இது தெரியாமல் இல்லை. தன் நூல் ஸ்வர வரிசைகளின் தொகுப்பு மட்டுமே என்று அவரே உபதலைப்பில் சொல்லிவிட்டார். வெளிநாட்டு மாணவர்கள் பலர் அந்த உபதலைப்பைக் கவனிக்காமல், அட்டவணையே ராகம் என்று நினைத்துக்கொண்டார்கள். அதை அவர் கணக்கில் எழுதக்கூடாது.

இன்னொன்றையும் சேர்த்துப் பார்க்க வேண்டும். அவர் பன்னிரண்டு வருஷம் ஊறியது பம்பாயின் சங்கீதத்தில், அதாவது பெரும்பாலும் இந்துஸ்தானியில். வட இந்திய ராகங்களைப் பற்றிய புத்தகத்தில் ராகத்தின் நடமாட்டம், பிடிகள், எந்த ஸ்வரம் தலைமை தாங்குகிறது என்பதெல்லாம் வருகிறது. காதால் கேட்டுப் பழகியவர் எழுதியது அது. தெற்கைப் பற்றியது, எனக்குப் பட்டதைச் சொல்கிறேன், நூல்களை வைத்துக்கொண்டு எழுதியது. மாதுங்காவிலிருந்து வார்டன் ரோடு அப்படி ஒன்றும் தூரமில்லை, ஆனாலும் அன்றைய பம்பாயில் அவர் உலகமும் நம் பாட்டிகளின் பஜனை உலகமும் சந்தித்துக்கொள்ள வாய்ப்பு குறைவு. சென்னை வானொலி நிலையம் 1938 ஜூனில்தான் தொடங்கியது. அவரை பம்பாய்க்குப் பதிலாக அங்கே போட்டிருந்தால் அந்த 1976 புத்தகம் எப்படி வந்திருக்கும் என்று நினைத்துப் பார்ப்பதுண்டு.

ஆக, பதில் இது. இந்துஸ்தானி சங்கீதம் அவருக்கு நன்றாகத் தெரியும், ஒரு தேர்ந்த ரசிகருக்கும் ஆராய்ச்சியாளருக்கும் தெரிகிற அளவுக்கு. கர்நாடக சங்கீதத்தின் இலக்கணம் தெரியும், உயிர் அவ்வளவாகப் பழகவில்லை. ரேடியோ மெட்டு ஒப்பேற்றியது இல்லை. 1936இல், வந்து இரண்டே வருஷத்தில், எவ்வளவு தெரியுமோ அந்த அளவுக்குள் மட்டும் நின்று செய்த காரியம் அது, அதனால்தான் இன்னும் பிசிறில்லாமல் இருக்கிறது.

மற்ற இசையைக் கேட்க முடியுமா என்றால், முடியும். அவர் எழுதியவற்றில் பெரும்பகுதி அவர் காலத்தில் அச்சேறவில்லை. கையெழுத்துப் பிரதிகள் இந்தியானா பல்கலைக்கழகத்தின் இசை நூலகத்தில் இருக்கின்றன. நாடுவிட்டு நாடு போன அந்தத் தலைமுறை இசையமைப்பாளர்கள் பலருக்கு நேர்ந்த கதிதான். ஜெர்மனி அவர்களைத் துடைத்துவிட்டது, போய்ச் சேர்ந்த நாடுகள் அவர்களை வாத்தியாராகவும் நடத்துநராகவும் மட்டுமே நினைவில் வைத்தன. டொரண்டோவின் ஏ.ஆர்.சி. என்செம்பிள் இப்படி மறக்கப்பட்டவர்களைத் தேடித் தேடி வாசிக்கிற குழு. 2020இல் காஃப்மனின் அறை இசையை முழு ஆல்பமாக, சாண்டோஸ் நிறுவனத்தில் வெளியிட்டார்கள். இணையத்தில் கிடைக்கிறது. அதில் ஏழாவது, பதினோராவது ஸ்ட்ரிங் குவார்டெட்டுகள், இரண்டாவது வயலின் சொனாட்டா, ஒரு சொனாட்டினா (சின்ன சொனாட்டா), ஒரு செப்டெட் (ஏழு வாத்திய இசை) இருக்கின்றன.

பதினோராவது குவார்டெட்டில் ஆரம்பியுங்கள். முதல் தடவை கேட்கும்போது ராகத்தைத் தேடாதீர்கள், கிடைக்காது, கோபம்தான் வரும். கீழே செல்லோ என்ன பிடித்துக்கொண்டிருக்கிறது என்பதை மட்டும் கவனியுங்கள். அது பிடிபட்ட பிறகு செப்டெட்டுக்குப் போங்கள். மூன்று வயலின், ஒரு வியோலா, இரண்டு செல்லோ, பியானோ. மெதுவான பகுதிகளை ஹெட்ஃபோனில் கேட்பது நல்லது, லோக்கல் டிரெயினில் வேண்டாம்.